பை சுமந்த பையன் நடத்திய பந்தயம்

பாட்டுப் பாடிப் பொருள் சேர்த்தவர்கள் உலகில் ஏராளம். சேர்த்த பொருளைத் தமக்குப் பிடித்த விளையாட்டில் செலவழித்தவர்களும் உண்டு. அந்த விளையாட்டையே பிழைப்பாகக் கொண்டவர்களுக்கு வருமானம் கிடைக்க வேண்டும், ஒரு வட்டாரத்துப் பிள்ளைகளுக்கு அதனால் நன்மை விளைய வேண்டும் என்று ஒரு பந்தயத்தை ஏற்படுத்தி, அதைத் தம் ஆயுள் உள்ளவரை கட்டிக்காத்த பாடகர் யார் என்று தேடினால் பிங் கிராஸ்பியின் பெயர்தான் முதலில் வரும்.

அமெரிக்காவின் மேற்குக் கரையிலுள்ள கலிபோர்னியா மாநிலத்தில், 1937-ம் ஆண்டு 3,000 டாலர் பரிசுத் தொகையுடன் தொடங்கியது அந்தக் கோல்ப் பந்தயம். கிராஸ்பி மறைந்து எட்டே ஆண்டுகளில் அவருடைய பெயரும் அதிலிருந்து நீங்கியது. ஆனால் அவர் தொடங்கி வைத்த தருமம் மட்டும் நிற்கவில்லை.

கணக்கர் வீட்டுப் பிள்ளை

வாஷிங்டன் மாநிலத்தில் டகோமா என்ற ஊரில் 1903-ம் ஆண்டு மே மாதம் 3-ந் தேதி பிறந்தவர் கிராஸ்பி. பெற்றோர் வைத்த பெயர் ஹாரி லில்லிஸ் கிராஸ்பி. ஏழு குழந்தைகளில் நான்காவது பிள்ளை. அவருக்கு மூன்று வயதானபோது குடும்பம் ஸ்போகேன் நகருக்குக் குடிபெயர்ந்தது. தந்தை அங்கே ஒரு மது உற்பத்தி ஆலையில் கணக்கர். பெரிய குடும்பம், சிறிய வருமானம். பிள்ளைகள் கிடைத்த வேலையைச் செய்து கைச்செலவுக்குத் தேடிக்கொள்ள வேண்டிய நிலை.

ஹாரி, பிங் ஆனதற்கு ஒரு பத்திரிகையே காரணம். ஸ்போகேன் நாளிதழ் ஒன்றில் பிங்வில் என்ற கற்பனைக் கிராமத்தைப் பற்றிய நகைச்சுவைப் பகுதி வெளிவந்து கொண்டிருந்தது. அதைப் படித்து விழுந்து விழுந்து சிரிப்பான் சிறுவன். பக்கத்து வீட்டுப் பையன் அந்த ஊரின் பெயரையே அவனுக்குச் சூட்டினான். பின்னர் அதுவே உலகம் அறிந்த பெயராயிற்று.

பன்னிரண்டு வயதில் அவன் செய்த வேலைகளில் ஒன்று, கோல்ப் மைதானத்தில் மட்டைப் பை சுமப்பது. பெங்களூரு ஹை கிரவுண்ட்ஸ் பக்கம் போகிறவர்கள், 1876-ல் தொடங்கப்பட்ட கோல்ப் கிளப்பின் பசும்புல் வெளியைப் பார்த்திருப்பார்கள். பதினெட்டுக் குழிகளிலும் வரிசையாகப் பந்தை விழச் செய்ய வேண்டும். குறைந்த அடிகளில் முடிப்பவருக்கு வெற்றி. இதுதான் ஆட்டம். ஆடுகிறவருக்குப் பின்னால் மட்டைகள் நிறைந்த கனமான பையைத் தோளில் போட்டுக்கொண்டு மைல் கணக்கில் நடப்பவனுக்குக் கேடி என்று பெயர். நம் நாட்டிலும், அமெரிக்காவிலும் தொழில்முறை ஆட்டக்காரர்களில் பலர் இந்தக் கேடி வேலையிலிருந்து மேலே வந்தவர்கள்தாம். கிராஸ்பி அந்த வேலையைச் சில காலம் செய்துவிட்டு விட்டுவிட்டார். ஆனால் அந்த உலகம் எப்படிப்பட்டது என்பதை அவர் கீழிருந்து பார்த்துத் தெரிந்துகொண்டார்.

மைக் தந்த வாழ்வு

ஸ்போகேனில் உள்ள கொன்சாகா கல்லூரியில் சட்டம் படிக்கச் சேர்ந்தார். மனமெல்லாம் இசையில் இருந்தது. படிப்பை முடிக்கவில்லை. 1925-ல் ஆல் ரிங்கர் என்ற நண்பருடன் ஒரு பழைய காரில் லாஸ் ஏஞ்சல்சுக்குப் புறப்பட்டார். மறு ஆண்டே பால் ஒயிட்மன் என்ற புகழ்பெற்ற இசைக்குழுத் தலைவர் இருவரையும் சேர்த்துக்கொண்டார்.

அதுவரை பாடகர்கள் மண்டபத்தின் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி தொண்டையைத் திறந்து பாட வேண்டியிருந்தது. மைக்ரோபோன் வந்தபோது அதன் இயல்பை நன்கு புரிந்துகொண்டவர்களில் கிராஸ்பி முன்னணியில் நின்றார். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரிடம் பேசுவதுபோல மென்மையாகப் பாடினார். 1931-ல் வானொலியில் சொந்த நிகழ்ச்சி கிடைத்தது. வீட்டுக்கு வீடு அவர் குரல் ஒலித்தது. திரைப்படங்களும் தேடி வந்தன. 1942-ல் வெளியான ஹாலிடே இன் படத்துக்காக அவர் பாடிய ஒயிட் கிறிஸ்துமஸ் பாட்டு, தனிப் பாட்டுத் தட்டுகளின் விற்பனையில் உலக சாதனை படைத்தது. 1944-ல் வந்த கோயிங் மை வே படத்தில் பாதிரியாராக நடித்து, சிறந்த நடிகருக்கான ஆஸ்கார் பரிசும் பெற்றார்.

1930-ல் ஒயிட்மன் குழுவினருடன் ஹாலிவுட்டில் படப்பிடிப்பில் இருந்தபோது, ஓய்வு நேரத்தில் மறுபடியும் கோல்ப் மட்டையைக் கையில் எடுத்தார் கிராஸ்பி. முன்பு பை சுமந்தவர் இப்போது ஆட்டக்காரர். பொழுதுபோக்காகத் தொடங்கியது பித்தாகவே வளர்ந்தது. ஹாலிவுட்டுக்கு அருகிலுள்ள லேக்சைடு கிளப்பின் சாம்பியன் பட்டத்தை ஐந்து முறை வென்றார். 1940-ல் அமெரிக்க அமெச்சூர் போட்டியிலும், 1950-ல் ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் மைதானத்தில் நடந்த பிரிட்டிஷ் அமெச்சூர் போட்டியிலும் கலந்துகொண்டார். சினிமா நடிகர் என்பதற்காக அங்கெல்லாம் யாரும் இடம் தருவதில்லை; ஆட்டம் தெரிந்திருக்க வேண்டும்.

அன்றைய ஆட்டக்காரர் நிலை

இன்றைய கோல்ப் வீரர்களின் செல்வத்தைப் பார்த்து அன்றைய நிலையை எடைபோடக் கூடாது. அந்தக் காலத்தில் தொழில்முறை ஆட்டக்காரர் என்றால் கிளப்பின் சம்பளக்காரர். உறுப்பினர்களுக்கு ஆட்டம் கற்றுக்கொடுப்பார், மட்டை பழுது பார்ப்பார், பந்து விற்பார். பல கிளப்புகளில் உறுப்பினர்கள் அமரும் கட்டடத்துக்குள் அவர் நுழைய முடியாது. 1920-ல் டொலிடோ நகரில் நடந்த அமெரிக்க ஓபன் போட்டியின்போதுதான் அங்குள்ள இன்வர்னஸ் கிளப் தன் கட்டடத்தின் கதவை அவர்களுக்குத் திறந்துவிட்டது. அது அன்று பெரிய செய்தி.

1930-களில் நாடு முழுவதும் பொருளாதாரச் சரிவு. குளிர்காலத்தில் வடக்கே மைதானங்கள் பனியில் மூடிக்கிடக்கும். அந்த மாதங்களில் ஆட்டக்காரர்கள் ஒரே காரில் மூன்று நான்கு பேராகச் சேர்ந்து, செலவைப் பங்கிட்டுக்கொண்டு, கலிபோர்னியாவுக்கும் தெற்கு மாநிலங்களுக்கும் பந்தயம் தேடிப் போவார்கள். 1936-ம் ஆண்டு முழுவதும் ஆடி, மற்ற எல்லாரையும்விட அதிகப் பரிசு பெற்ற ஹார்ட்டன் ஸ்மித்துக்கே 8,000 டாலர் சேரவில்லை. பட்டியலின் அடியில் இருந்தவர்களுக்குப் பெட்ரோல் செலவுக்கும் கட்டாது.

இந்த நிலையில்தான் கிராஸ்பிக்கு ஓர் எண்ணம் தோன்றியது. லேக்சைடு கிளப்பில் தம்முடன் ஆடும் நடிகர்களையும், வணிகர்களையும், ஊர் ஊராய்த் திரியும் தொழில்முறை ஆட்டக்காரர்களையும் ஒன்றாக ஆடவிட்டால் என்ன? ஒரு தொழில் ஆட்டக்காரருக்கு ஓர் அமெச்சூர் ஜோடி. அமெச்சூருக்கு அவருடைய திறமைக்கேற்ப அடிகளில் சலுகை உண்டு. தொழில் ஆட்டக்காரர் தம் தனி ஆட்டத்துக்கும் பரிசு பெறலாம், ஜோடி ஆட்டத்துக்கும் பரிசு பெறலாம். ஆட்டம் முடிந்ததும் எல்லாருக்கும் ஒரே பந்தியில் விருந்து. பின்கட்டு வழியாகப் போய் வந்தவர்கள் இங்கே விருந்தினர்கள்.

மழையில் தொடங்கிய பந்தயம்

1937-ம் ஆண்டு பிப்ரவரி மாதம், சான் டியேகோ வட்டாரத்தில் கிராஸ்பிக்கு வீடு இருந்த ராஞ்சோ சான்டா பே என்ற ஊரின் கோல்ப் கிளப்பில் முதல் பந்தயம் ஏற்பாடாயிற்று. பரிசுத் தொகை 3,000 டாலரையும் அவரே தம் பையிலிருந்து கொடுத்தார். இரண்டு நாள் ஆட்டம் என்பது திட்டம். முதல் நாளே மழை கொட்டித் தீர்த்தது. ஆட்டம் ஒரே நாளாகச் சுருங்கியது. 18 குழிகளை 68 அடிகளில் முடித்து வென்றவர், வர்ஜீனியா மலைப்பக்கத்திலிருந்து புதிதாக வந்திருந்த 24 வயது இளைஞர் சாம் ஸ்னீட். அவருக்குக் கிடைத்தது 500 டாலர். காசோலையை நீட்டியபோது, ரொக்கமாகத் தர முடியுமா என்று அவர் கேட்டதாக ஒரு கதை கோல்ப் உலகில் நெடுங்காலமாக வழங்கி வருகிறது. பின்னாளில் எண்பதுக்கு மேற்பட்ட பட்டங்களை வென்று பெரும் புகழ் அடைந்தவர் இவர்.

இறுதியில் நடந்த விருந்துக்குக் கிளாம்பேக் என்று பெயர். அமெரிக்கக் கடற்கரைகளில் மட்டி, சிப்பி, மீன் ஆகியவற்றை வேகவைத்து ஊர் கூடி உண்ணும் வழக்கத்தைக் குறிக்கும் சொல் அது. நாளடைவில் பந்தயத்துக்கே அந்தப் பெயர் நிலைத்தது. 1938-லும் ஸ்னீடே வென்றார். 1942-ல் ஜான் டாசன் என்ற அமெச்சூர் தொழில் ஆட்டக்காரர்கள் அனைவரையும் முந்தினார். அதோடு உலகப் போர் குறுக்கிட்டது. பந்தயம் நின்றது. அந்த ஆண்டுகளில் கிராஸ்பி, தம் திரை நண்பர் பாப் ஹோப்புடன் ஊர் ஊராகக் காட்சி ஆட்டங்கள் ஆடிப் போர் நிதி திரட்டினார். 1944-ல் ஐரோப்பியப் போர்முனைக்கே சென்று படைவீரர்களுக்குப் பாடினார்.

கடற்கரைக்கு மாறியது

போர் முடிந்து 1947-ல் பந்தயம் மறுபடி தொடங்கியபோது இடம் மாறியது. பல நூறு மைல் வடக்கே, பசிபிக் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் மான்டரே தீபகற்பம் புதிய களமாயிற்று. பெப்பிள் பீச், சைப்ரஸ் பாயின்ட், மான்டரே பெனின்சுலா ஆகிய மூன்று மைதானங்களில் ஆட்டம். ஒருபுறம் பாறையில் மோதும் அலை, மறுபுறம் காற்றில் வளைந்து நிற்கும் சைப்ரஸ் மரங்கள். சைப்ரஸ் பாயின்டின் 16-வது குழியில் கடலைத் தாண்டித்தான் பந்தை அடிக்க வேண்டும். அந்தக் குழியில் ஒரே அடியில் பந்தை விழச் செய்தவர்கள் மிகச் சிலர். அவர்களில் கிராஸ்பியும் ஒருவர்.

பந்தயம் நடப்பது குளிர்காலத்தில். மழை, மூடுபனி, சூறைக்காற்று எல்லாம் சேர்ந்து வரும். எனவே இத்தகைய பருவநிலைக்குக் கோல்ப் உலகில் கிராஸ்பி வானிலை என்றே பெயர் வந்துவிட்டது. 1962-ல் அந்தக் கடற்கரையில் பனி பெய்து, கடைசி நாள் ஆட்டத்தையே ஒரு நாள் தள்ளிவைக்க நேர்ந்தது.

இங்கே வந்த பிறகுதான் பந்தயம் முழு அளவில் தரும காரியமாயிற்று. கிடைத்த பணம் அந்த வட்டாரத்தின் இளைஞர் மையங்களுக்கும் பிற நற்பணிகளுக்கும் போயிற்று. ஊர் மக்களே தொண்டர்களாக நின்று வேலை செய்தார்கள். ஆட்டக்காரருக்குப் பரிசு, ஊருக்கு வியாபாரம், பிள்ளைகளுக்கு உதவி என்று ஒரே வாய்க்காலில் ஓடிய நீர் மூன்று வயல்களுக்குப் பாய்ந்தது.

1958-ல் தொலைக்காட்சி வந்தது. கடலும் பாறையும், தடுமாறும் நடிகர்களும் நாடெங்கும் வீட்டுக் கூடங்களில் காட்சி தந்தனர். நடிகர் ஜாக் லெமன் ஆண்டுதோறும் தவறாமல் வருவார். இறுதி நாள் ஆட்டத்துக்குத் தகுதி பெற அவரால் கடைசிவரை முடியவில்லை. அவர் தோல்வியை ரசிப்பதற்கென்றே ஒரு கூட்டம் காத்திருக்கும்.

கிராஸ்பி காட்டிய வழியில் மற்றக் கலைஞர்களும் வந்தார்கள். பாப் ஹோப்பின் பெயரில் பாலைவன நகரமான பாம் ஸ்பிரிங்ஸ் பகுதியில் ஒரு பந்தயம். டேனி தாமஸ் பெயரில் மெம்பிஸ் நகரில் நடந்த பந்தயம், அவர் நிறுவிய குழந்தைகள் மருத்துவமனைக்கு உதவியது. சான் டியேகோவில் ஆண்டி வில்லியம்ஸ், ஹார்ட்போர்டில் சாமி டேவிஸ். 1970-களில் அமெரிக்கக் கோல்ப் பட்டியலைப் பார்த்தால் ஏதோ சினிமா விளம்பரம் போலவே இருக்கும்.

வெளியில் தெரியாத பக்கம்

இவ்வளவும் சொல்லும்போது குறைகளையும் மறைக்கக் கூடாது. தொழில்முறைக் கோல்ப் ஆட்டக்காரர் சங்கத்தின் விதியில் வெள்ளையருக்கு மட்டுமே இடம் என்ற வாசகம் 1961 வரை இருந்தது. கிராஸ்பியின் பந்தயம் தொடங்கி வளர்ந்த காலமும் அதுவே. ஏழை ஆட்டக்காரருக்கு அவர் கதவைத் திறந்தார் என்பது உண்மை. அந்தக் கதவுக்கு வெளியே, விதியின் பெயரால் கறுப்பின ஆட்டக்காரர்கள் நிறுத்தப்பட்டிருந்தார்கள் என்பதும் உண்மை.

வீட்டிலும் துயரங்கள் உண்டு. 1930-ல் அவர் மணந்த நடிகை டிக்சி லீ, நான்கு மகன்களை விட்டு 1952 நவம்பர் 1-ந் தேதி புற்றுநோயால் காலமானார். 1957-ல் நடிகை கேத்தரின் கிராண்டை மணந்தார். அவருக்கு மூன்று குழந்தைகள். கிராஸ்பி மறைந்த பின், 1983-ல் மூத்த மகன் கேரி ஒரு நூல் எழுதினார். பாட்டில் அத்தனை இனிமையைக் காட்டிய தந்தை, வீட்டில் பிள்ளைகளிடம் மிகக் கடுமையாக நடந்துகொண்டார் என்பது அதன் சாரம். இன்னொரு மகன் பிலிப் அதை மறுத்தார். ஒரே வீட்டில் வளர்ந்த பிள்ளைகள் ஒரே தந்தையைப் பற்றி இரு விதமாகச் சொன்னார்கள். உலகத்தாரைச் சிரித்த முகத்தோடு வரவேற்ற மனிதர் தம் வீட்டில் எப்படி இருந்தார் என்பது அந்த வீட்டாரிடையே தீராத வழக்காகவே நின்றது.

கடைசி ஆட்டம்

1974 ஜனவரியில் நுரையீரலில் அறுவைச் சிகிச்சை. புற்றுநோய் என்று அஞ்சியது, பூஞ்சைத் தொற்று என்று தெரிந்தது. தேறி எழுந்து மறுபடி மேடை ஏறினார். 1977 மார்ச்சில் பாசடீனா நகரில் மேடையிலிருந்து தவறி விழுந்து முதுகில் பலத்த அடி. அதிலிருந்தும் மீண்டு, அந்த ஆண்டு இலையுதிர் காலத்தில் இங்கிலாந்து சென்று லண்டன் பலேடியம் அரங்கில் பாடினார். அது முடிந்ததும் ஓய்வுக்காக ஸ்பெயின் போனார். ஓய்வு என்றால் அவருக்குக் கோல்ப்தான்.

1977 அக்டோபர் 14-ந் தேதி மாட்ரிட் நகருக்கு அருகிலுள்ள லா மொராலெகா மைதானத்தில் ஸ்பெயின் நாட்டுத் தொழில் ஆட்டக்காரர் மானுவல் பினேரோவை ஜோடியாகக் கொண்டு ஆடினார். 18 குழிகளையும் முடித்தார். அவருடைய ஜோடியே வென்றது. மைதானத்திலிருந்து கட்டடத்தை நோக்கி நடந்து வரும்போது மாரடைப்பால் சரிந்தார். வயது 74. அவருடைய வாழ்வின் கடைசி ஆட்டமும் ஒரு தொழில் ஆட்டக்காரரோடு ஜோடி சேர்ந்து ஆடிய ஆட்டமாகவே அமைந்தது. மறு ஆண்டு உலகக் கோல்ப் புகழ் மண்டபத்தில் அவருடைய பெயர் பொறிக்கப்பட்டது.

பெயர் போயிற்று, தருமம் நின்றது

பந்தயத்தை ஏற்று நடத்தும் பொறுப்பு, 16 வயதே ஆன கடைசி மகன் நத்தானியேலின் தோளில் விழுந்தது. 1981-ல் இதே நத்தானியேல் அமெரிக்க அமெச்சூர் பட்டத்தை வென்றார். தந்தை கலந்துகொள்ள மட்டுமே முடிந்த போட்டியில் மகன் வாகை சூடினார்.

ஆனால் காலம் மாறிவிட்டது. பரிசுத் தொகை ஆண்டுக்கு ஆண்டு ஏறியது. ஒரு நடிகர் தம் பையிலிருந்து கொடுத்து நடத்திய நாள் போய், பெரிய நிறுவனங்களின் பணம் இல்லாமல் பந்தயம் நடத்த முடியாத நிலை வந்தது. ஏ.டி. அண்டு டி. என்ற தொலைபேசி நிறுவனம் முன்வந்தது. கணவரின் பெயரோடு வணிகப் பெயரைச் சேர்க்கக் கேத்தரின் இசையவில்லை. 1985-ம் ஆண்டுப் போட்டியே கிராஸ்பி பெயரில் அங்கு நடந்த கடைசிப் போட்டி. குடும்பம் அந்தப் பெயரை வட கரோலினா மாநிலத்துக்குக் கொண்டு சென்று, 1986 முதல் 2001 வரை வேறொரு தருமப் பந்தயம் நடத்தியது. பெப்பிள் பீச்சில் நிறுவனத்தின் பெயர் ஏறியது.

பந்தயமும் தன் பழைய பிழை ஒன்றுக்குப் பதில் சொல்ல வேண்டி வந்தது. உறுப்பினர் சேர்க்கையில் நிறபேதம் காட்டும் கிளப்புகளில் போட்டி நடத்துவதில்லை என்று 1990-ல் பி.ஜி.ஏ. டூர் அமைப்பு முடிவு செய்தது. கறுப்பின உறுப்பினர் யாரும் இல்லாத சைப்ரஸ் பாயின்ட் கிளப் அந்த நிபந்தனைக்கு உட்படாமல் விலகியது. 1991 முதல் அங்கு ஆட்டம் இல்லை. கிராஸ்பி ஒரே அடியில் பந்தை விழச் செய்த அந்தப் புகழ்பெற்ற குழி பந்தயத்திலிருந்து நீங்கியது. அழகைவிட நியாயம் பெரிது என்று எடுத்த முடிவு அது.

1937-ல் 3,000 டாலராக இருந்த பரிசுத் தொகை 2024-ல் 2 கோடி டாலர். கோல்ப் வீரர்களுக்கு இன்று யாரும் சோறு போட வேண்டியதில்லை. ஆயினும் மான்டரே தீபகற்ப அறக்கட்டளை வழியாக அந்த வட்டாரத்துப் பள்ளிகளுக்கும், இளைஞர் அமைப்புகளுக்கும், ஏழை எளியவர்களுக்கான பணிகளுக்கும் பணம் போய்க்கொண்டே இருக்கிறது. இதுவரை அப்படிப் போன தொகை மொத்தம் 20 கோடி டாலருக்கு மேல்.

சத்திரம் கட்டியவர் பெயர் கல்வெட்டில் தேய்ந்து போவதுண்டு. வழிப்போக்கருக்கு அதனால் குறைவில்லை. திண்ணை இருக்கிறது, கிணற்றில் நீர் இருக்கிறது. மான்டரேயில் அந்தப் பணத்தால் ஓர் இளைஞர் மையத்தில் விளையாடும் குழந்தைக்குப் பிங் கிராஸ்பி யார் என்று தெரியாமல் இருக்கலாம். முன்பு ஸ்போகேனில் அதே வயதில் அடுத்தவர் பையைத் தோளில் சுமந்து நடந்த ஒரு பையன்தான் அதற்கு வழி செய்தான்.